கேம் திறக்கவில்லை: போர்மட் அடிப்பதா, கடைக்குக் கொண்டுபோவதா, காசைத் திருப்பிக் கேட்பதா?

கொட்டாஞ்சேனையில் இருக்கும் அக்காவின் மகன் ஒரு சனிக்கிழமை பின்னேரம் போன் எடுத்தான். "மாமா, போர்மட் அடிச்சும் அதே கதைதான்" என்றான். இரண்டு இரவு நித்திரை முழித்து இரவு டேட்டாவில் இறக்கிய கேம் அது. பிளே பொத்தானை அழுத்தினால் சின்ன வட்டம் ஒருதரம் சுற்றும். பிறகு ஒன்றும் இல்லை. கேம் வாங்கி இறக்கும் ஸ்டீம் தளத்தின் மென்பொருளில் அந்தப் பச்சைப் பொத்தான் ஒன்றுமே நடக்காததுபோல் திரும்ப வந்து நிற்கும். கடைக்குக் கொண்டுபோயிருக்கிறார்கள். எட்டு நாள் வைத்திருந்து, விண்டோஸை அழித்து மறுபடி போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். கூலி போயிற்று. டெஸ்க்டொப்பில் கிடந்த டியூஷன் நோட்ஸும் போயிற்று. கேம் மட்டும் முன்பு எப்படித் திறக்க மறுத்ததோ அப்படியே இப்போதும் மறுத்தது.

அடுத்த நாள் வெள்ளவத்தையிலிருந்து பஸ் ஏறிப் போனேன். அக்கா வைத்த தேத்தண்ணீர் ஆற முதலே காரணம் தெரிந்துவிட்டது. எனக்குப் பெரிய கெட்டித்தனம் இருந்து அல்ல. விண்டோஸ் தானே எழுதி வைத்திருந்த குறிப்பை நான் திறந்து வாசித்தேன், அவ்வளவுதான். எட்டு நாளில் அந்தக் குறிப்பை யாரும் திறந்து பார்க்கவில்லை.

ஒரு கேம் திறக்காதபோது கொழும்பில் இருப்பவர் முன்னால் உள்ள வழிகள் ஆறு: வீட்டிலேயே பார்ப்பது, கேமை அழித்து மறுபடி இறக்குவது, விண்டோஸை அழித்துப் போடுவது, கடைக்குக் கொண்டுபோவது, காசைத் திருப்பிக் கேட்பது, புதிய பாகம் வாங்குவது. எது நல்லது என்று என்னிடம் கேட்பவர்கள் பெரும்பாலும் இதில் ஒன்றை ஏற்கெனவே மனதில் முடிவெடுத்துக்கொண்டுதான் கேட்கிறார்கள். நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: கேம் எந்த இடத்தில் நிற்கிறது?

நிற்கும் இடம்

அழுத்தியதும் ஒன்றுமே வராமல் போவது ஒரு இடம். இங்கே கேமின் முதல் வரி ஓடும்போதே ஏதோ தடுக்கிறது. தேவையான ஒரு டிஎல்எல் பைல் (பல மென்பொருள்கள் பொதுவாக எடுத்துப் பாவிக்கும் துணைப் பைல்) இல்லாமல் இருக்கலாம், அன்டிவைரஸ் பிடித்து வைத்திருக்கலாம், ஏமாற்றுத் தடுப்பு மென்பொருள் மறுக்கலாம், புரொசசருக்கு அந்தக் கட்டளை விளங்காமலும் இருக்கலாம். ஜன்னல் திறந்து கறுப்புத் திரையோடு நிற்பதும், கம்பனி இலச்சினை காட்டிவிட்டு டெஸ்க்டொப்புக்கு விழுவதும் இரண்டாவது இடம். அது அநேகமாகக் கிராபிக்ஸ் பக்கம்: டிரைவர் (கிராபிக்ஸ் கார்டை விண்டோஸோடு பேச வைக்கும் மென்பொருள்), திரையின் மேல் படரும் வேறு மென்பொருள், பழுதான செட்டிங்ஸ் பைல். மெனு ஒழுங்காக வந்து, சேமித்த ஆட்டத்தைத் திறக்கும்போது மட்டும் உறைந்துபோவது மூன்றாவது. அங்கே கேம் பைல், சேமிப்புப் பைல், டிஸ்க், ராம் என்ற வரிசையில் சந்தேகப்பட வேண்டும்.

இதைக் கண்ணால் பார்த்த பிறகு விண்டோஸின் குறிப்பை வாசியுங்கள். ஸ்டார்ட் மெனுவில் ஈவென்ட் வியூவர் என்று ஆங்கிலத்தில் அடித்து, விண்டோஸ் லாக்ஸ், அதற்குள் அப்ளிகேஷன் என்று போனால், கேம் விழுந்த நிமிடத்துக்கு நேரே சிவப்பு அடையாளத்தோடு ஒரு வரி இருக்கும். அதில் இரண்டே விஷயம் பார்த்தால் போதும்: எந்த மொடியூலில், அதாவது எந்தப் பைலில், விழுந்தது, எக்செப்ஷன் கோட் எனப்படும் பிழை எண் என்ன. கோட் நீளமாக இருக்கும், அதன் வால்தான் முக்கியம். 7பி (7b) என்று முடிந்தால் 32 பிட், 64 பிட் டிஎல்எல்கள் ஒன்றுக்கொன்று மாறிக் கலந்திருக்கின்றன. கேம்கள் ஓடத் தேவையான, விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரன்டைம் என்ற மைக்ரோசொப்ட் துணைப் பைல் தொகுதியின் இரண்டு வகையையும் மறுபடி போட்டால் அநேகமாகத் தீரும். 05 என்று முடிந்தால் நினைவகத்தில் தொடக்கூடாத இடத்தைத் தொட்டிருக்கிறது. இந்தக் கோட் தனியே அதிகம் சொல்லாது, பக்கத்தில் உள்ள மொடியூல் பெயர்தான் பேசும். அது கிராபிக்ஸ் டிரைவரின் பைலாக இருந்தால் டிரைவர், டிஸ்கோர்டினதோ ரிவாடியூனரினதோ பைலாக இருந்தால் அந்த மேற்படரும் மென்பொருள்.

மருமகனின் மெஷினில் இருந்த கோட் 1டி (1d) என்று முடிந்தது. புரொசசருக்குத் தெரியாத ஒரு கட்டளை வந்தது என்று அதற்கு அர்த்தம். அலுவலகங்களில் கழித்துவிட்டதை வாங்கித் துடைத்து விற்கும் அந்தப் பழைய டெஸ்க்டொப் வகைதான் அவனுடையது. மூன்றாம் தலைமுறை ஐ5, அதில் பின்னால் செருகிய ஒரு கிராபிக்ஸ் கார்ட். ஏவிஎக்ஸ்2 என்ற கட்டளைத் தொகுதி இன்டெலில் 2013 இல் வந்த நாலாம் தலைமுறையிலிருந்துதான் இருக்கிறது. அவன் வாங்கிய கேம் அதைக் கேட்டது. கார்டையும் ராமையும் பார்த்து வாங்கினவன், தேவைப் பட்டியலில் புரொசசர் வரியைப் பார்க்கவில்லை. இதற்கு நூறு தரம் போர்மட் அடித்தாலும் அதே வட்டம் ஒருதரம் சுற்றி நிற்கும்.

ஒரு எச்சரிக்கை. திரையில் வரும் மெசேஜ் எப்போதும் உண்மை பேசாது. இன்டெலின் 13 ஆம், 14 ஆம் தலைமுறை உயர்வகைப் புரொசசர்களில் 2024 இல் பெரிதாகக் கதைபட்ட பிரச்சினை நினைவிருக்கலாம். அன்ரியல் எஞ்சின் என்ற கேம் செய்யும் மென்பொருளில் செய்த கேம்கள் ஆரம்பத்திலேயே "வீடியோ மெமரி போதாது" என்று சொல்லி மூடிக்கொண்டன. பாவம், எத்தனையோ பேர் கிராபிக்ஸ் கார்டைச் சந்தேகப்பட்டார்கள். பழுது புரொசசரில் இருந்தது. அது கேட்ட மின்னழுத்தம் கூடிப்போய், நாளடைவில் தேய்ந்திருந்தது. அந்த வருடம் ஓகஸ்டில் இருந்து பயோஸ் (போர்டிலேயே இருக்கும் அடிப்படை மென்பொருள்) அப்டேட் வழியாக, புரொசசரின் உள்கட்டளைகளான மைக்ரோகோட்டுக்குத் திருத்தங்கள் வந்தன. ஏற்கெனவே தேய்ந்ததை அவை மீட்காது என்பதால் உத்தரவாதக் காலத்தையும் இரண்டு வருடம் கூட்டினார்கள். அந்தத் தலைமுறை ஐ7, ஐ9 வைத்திருப்பவர்கள் இந்த மெசேஜைக் கண்டால் கார்ட் விலை விசாரிக்கப் போகாதீர்கள்.

மறுபடி இறக்குவதா, வீட்டிலேயே பார்ப்பதா

வெளிநாட்டுக் காணொளிகள் எல்லாம் "கேமை அழித்துவிட்டு மறுபடி இன்ஸ்டோல் செய்யுங்கள்" என்று ஒரு வார்த்தையில் சொல்லிவிட்டுப் போகும். அவர்களுக்கு அளவில்லாத இணையம். நமக்குக் கணக்கு வேறு. 100 ஜிபி கேம் ஒன்றை 20 எம்பிபிஎஸ் வேகத்தில் இடைவிடாமல் இறக்கினால் 11 மணித்தியாலத்துக்கு மேல் எடுக்கும். அந்த வேகம் பின்னேரத்தில் கிடைக்காது. இரவு டேட்டாவில் இறக்குவதென்றால் குறைந்தது இரண்டு இரவு. மாத டேட்டாவில் இறக்கினால் மிச்ச நாட்களுக்கு வீட்டில் மற்றவர்களின் முகத்தைப் பார்க்க முடியாது. அதனால் மறுபடி இறக்குவது பார்வைக்குச் சும்மா கிடைக்கும் வழிபோல் இருந்தாலும், கொழும்பில் ஆறு வழியிலும் விலை கூடியவற்றில் அதுவும் ஒன்று.

அதே பலனில் பெரும்பங்கை வெரிபை என்ற வேலை தந்துவிடும். ஸ்டீமில் கேமின் மேல் வலது கிளிக், புரொப்பர்ட்டீஸ், இன்ஸ்டோல்ட் பைல்ஸ். அங்கே இருக்கும் பொத்தான் உங்களிடம் உள்ள பைல்களைச் சரியான பிரதியின் அடையாளங்களோடு ஒப்பிட்டு, பிழையான துண்டுகளை மட்டும் மறுபடி எடுக்கும். எபிக், ஜிஓஜி என்ற மற்றக் கேம் கடைகளில், எபிக்கிலும் ஜிஓஜியின் கேலக்ஸி மென்பொருளிலும் இதே வசதி உண்டு. 2025 பெப்ரவரி 9, குரங்கின் மேல் பழி விழுந்த அந்த ஞாயிறு, நாடு முழுக்கக் கரண்ட் போனபோது என் மெஷினில் ஒரு கேம் அப்டேட் ஆகிக்கொண்டிருந்தது. யுபிஎஸ் இல்லை, சோம்பல். கரண்ட் வந்த பிறகு கேம் இலச்சினையோடு விழுந்தது. வெரிபை போட்டேன். 80 ஜிபி கேமில் அது திருப்பி எடுத்தது 1 ஜிபி கூட இல்லை. அழித்துவிட்டு இறக்கியிருந்தால் அந்த மாதம் முழுக்கப் போனில் ஹொட்ஸ்பொட் போட்டு அலைந்திருப்பேன்.

இன்னொன்றையும் பலர் கவனிப்பதில்லை. கேமை அழித்தாலும் அதன் செட்டிங்ஸ் பைல் அநேகமாக அழியாது. அது கேம் போல்டரில் இருப்பதில்லை. டொக்கியுமன்ட்ஸுக்குள் மை கேம்ஸ் என்ற போல்டரிலோ, மறைந்திருக்கும் ஆப்-டேட்டா போல்டரிலோ இருக்கும். பழைய மொனிட்டருக்கு வைத்த ரெசலூஷன் அதில் பதிந்து கிடக்க, புதிய மொனிட்டரில் கறுப்புத் திரை மட்டும் வரும். இரண்டு இரவு டவுன்லோட் முடித்துத் திறந்தால் அதே பழைய பைலை வாசித்து அதே இடத்தில் விழும். அந்தப் போல்டரை அழிக்க வேண்டாம், பெயரை மாற்றி வையுங்கள். கேம் புதிதாக ஒன்றை உண்டாக்கிக்கொள்ளும். சேமித்த ஆட்டங்களும் சில நேரம் அதற்குள்ளேயே இருப்பதால், பெயர் மாற்றினால் திரும்பி வர வழி இருக்கும்.

தமிழில் வாசிப்பவர்களுக்கென்றே ஒரு பழுது உண்டு. பக்கத்து பிளாட்டில் ஒரு தகப்பன் மகளுக்கு லாப்டொப் வாங்கி, விண்டோஸ் பெயர் கேட்டபோது ஆசையாக மகளின் பெயரைத் தமிழிலேயே அடித்திருந்தார். விண்டோஸுக்கு அதில் ஒரு குறையும் இல்லை. மூன்று கேம் ஒழுங்காக ஓடின, நாலாவது சத்தமில்லாமல் விழுந்தது. யூசர் போல்டரின் பெயர் தமிழ் எழுத்தில் இருந்ததால், அந்தக் கேம் தன் சேமிப்பு இடத்தைக் கண்டுபிடிக்க முடியாமல் தடுமாறியிருக்கிறது. செட்டிங்ஸில் போய்ப் பெயரை ஆங்கிலத்தில் மாற்றினாலும் போல்டரின் பெயர் மாறாது. ஆங்கில எழுத்தில் புதிதாக ஒரு யூசர் கணக்குத் திறந்து அங்கே விளையாடச் சொன்னேன். பழைய கணக்கையும் அழிக்கவில்லை. பிள்ளையின் பெயர் அங்கே அப்படியே இருக்கிறது. கேம் செய்கிறவர்கள்தான் திருந்த வேண்டும்.

வீட்டில் செய்யக்கூடிய மற்ற வேலைகள் சிறியவை. டிஸ்கோர்ட், ஆப்டர்பர்னர் போன்ற மேற்படரும் மென்பொருள்களை மூடிப் பாருங்கள். லாப்டொப்பில் இரண்டு கிராபிக்ஸ் இருந்தால், விண்டோஸின் கிராபிக்ஸ் செட்டிங்ஸில் அந்தக் கேமுக்கு ஹை பெர்போமன்ஸ் என்று கொடுங்கள். விண்டோஸ் செக்கியூரிட்டியில் கன்ட்ரோல்ட் போல்டர் அக்சஸ் போட்டிருந்தால், கேம் எழுதப் பார்ப்பதை அது தடுத்திருக்கலாம். டிரைவர் சந்தேகம் என்றால் டிடியூ என்ற மென்பொருளால் சேஃப் மோடில் பழையதைத் துடைத்துவிட்டுப் புதிதைப் போடுங்கள். துடைக்க முதல் புதிய டிரைவரை இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். துடைத்த பிறகு இணையம் போனால் தலையில் கை வைத்துக்கொண்டு இருக்க வேண்டும்.

கேம் பைல்களில் பாதிக்கு மேல் பழுதாகி, உண்மையிலேயே முழுதாக வேண்டும் என்ற நிலை வந்தாலும் உடனே டவுன்லோடுக்குப் போகாதீர்கள். அதே கேம் வைத்திருக்கும் நண்பரிடம் போர்ட்டபிள் ஹார்ட் டிஸ்கோடு போய், ஸ்டீமின் கொமன் போல்டரில் இருக்கும் அந்தக் கேமின் போல்டரைப் பிரதி எடுத்து, உங்களுடையதில் அதே இடத்தில் வைத்துவிட்டு இன்ஸ்டோல் அழுத்துங்கள். ஸ்டீம் இருப்பதைக் கண்டு, மிச்சத்தை மட்டும் எடுக்கும். கேம் உங்கள் கணக்கிலும் வாங்கியதாக இருக்க வேண்டும், அது வேறு கதை. 2023 இலிருந்து ஒரே ரவுட்டரில் இருக்கும் இரண்டு மெஷின்களுக்கிடையே ஸ்டீம் நேரடியாகவே கேமை மாற்றித் தருகிறது. மச்சானின் மெஷினைத் தூக்கிக்கொண்டு வரச் சொல்லி, ஒரு கொத்து வாங்கிக் கொடுத்தால் இரண்டு இரவு மிச்சம்.

போர்மட்

"விண்டோஸ் அடிச்சுப் பாப்பம்" என்பது எங்கள் ஊரில் காய்ச்சலுக்குப் பனடோல் மாதிரி. சில நேரம் கேட்கும். அதனால்தான் பழக்கமாகிவிட்டது. எப்போது கேட்கும் என்பது ஓரளவு தெளிவானது. ஒரு கேம் அல்ல, பல கேமும் வேறு மென்பொருளும் சேர்ந்து விழ வேண்டும். எஸ்எப்சி, டிசம் என்ற இரண்டு கட்டளைகளால் விண்டோஸ் தன்னைத்தானே திருத்த முயன்று தோற்றிருக்க வேண்டும். அல்லது வைரஸ் புகுந்திருக்க வேண்டும். ஒரே ஒரு கேம் மட்டும் திறக்காமல் மற்றதெல்லாம் ஓடினால் போர்மட் என்ற சொல்லுக்கே அங்கே வேலை இல்லை.

அது கெடுக்கவும் செய்யும். புதிதாகப் போட்ட விண்டோஸில் 2010 ஜூனில் கடைசியாக வந்த பழைய டைரக்ட்எக்ஸ் (கேம்கள் படம் வரையப் பாவிக்கும் மைக்ரோசொப்ட் தொகுதி) பைல்கள் இருக்காது, விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரன்டைம்களும் எல்லா வருடத்தினதும் இருக்காது. முன்பு ஓடிய பழைய கேம், போர்மட்டுக்குப் பிறகு "டி3டிஎக்ஸ்9_43 காணவில்லை" என்றோ "எம்எஸ்விசிபி140 காணவில்லை" என்றோ சொல்லி நிற்பது இதனால்தான். இரண்டையும் மைக்ரோசொப்ட் தளத்திலிருந்தே இறக்கிப் போடலாம், இரண்டும் சேர்ந்தாலும் ஒரு திரைப்படத்தின் அளவு வராது. டிஎல்எல் பைலைத் தனியே தரும் தளங்களில் இருந்து எடுத்துப் போடாதீர்கள். அங்கே எது வரும் என்று யாருக்கும் தெரியாது.

போர்மட் அடித்தே ஆக வேண்டும் என்றால் முதலில் கேம்களை டி டிரைவுக்கு மாற்றுங்கள். ஸ்டீமின் ஸ்டோரேஜ் பகுதியிலேயே அதற்கு வசதி உண்டு. விண்டோஸ் புதிதாக வந்த பிறகு ஸ்டீமைப் போட்டு, அந்த டிரைவைக் காட்டினால் கேம்கள் அப்படியே வந்து நிற்கும், ஒரு ஜிபியும் இறக்கத் தேவையில்லை. மருமகனின் கேம் தப்பியதும் டி டிரைவில் இருந்ததால்தான். நோட்ஸ் சி டிரைவில் இருந்தது.

கடைக்குப் போவது எப்போது

கடைக்காரரைக் குறை சொல்லி எழுதுகிறேன் என்று நினைக்க வேண்டாம். பம்பலப்பிட்டி யூனிட்டி பிளாசாவில் ஏறி இறங்கிப் பழகியவர்களுக்குத் தெரியும், அங்கே கையில் எடுத்துப் பார்த்தே பவர் சப்ளையின் குறையைச் சொல்லும் ஆட்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் நம்மிடம் இல்லாத ஒன்று இருக்கிறது: மாற்றிப் போட்டுப் பார்க்க உதிரிப் பாகம். ராம் பழுதா, கார்ட் பழுதா, பவர் சப்ளை பழுதா என்பதை வீட்டில் இருந்துகொண்டு ஊகிக்கலாம், நிரூபிக்க முடியாது.

அதற்கான அடையாளங்கள் உண்டு. கேம் மட்டும் மூடாமல், கேம் தொடங்கியதும் மெஷினே அணைந்து மறுபடி எழும்பினால், ஈவென்ட் வியூவரின் சிஸ்டம் பகுதியில் கேர்னல் பவர் 41 என்று ஒரு வரி இருக்கும். ஒழுங்காக அணைக்காமல் மெஷின் நின்றது என்பதை மட்டும்தான் அது சொல்லும். ஆனால் கேம் ஓடும் நேரத்தில் மட்டும் அது நடக்கிறதென்றால் பவர் சப்ளை, சூடு, யுபிஎஸ் மூன்றும் சந்தேகத்துக்குரியவை. சின்ன யுபிஎஸ் ஒன்றில் பெரிய கார்டைக் கொழுவி வைத்திருப்பவர்கள், முதலில் யுபிஎஸ் இல்லாமல் நேரே சுவர்ப் பிளக்கில் போட்டுப் பாருங்கள். மரைன் டிரைவ் பக்கம் இருப்பவர்களுக்கு உப்புக்காற்றும் சேர்த்தி. கார்டையும் ராமையும் கழற்றிப் பொன்னிறப் பற்களை மெல்லத் துடைத்து மறுபடி இறுக்கியதில் எழும்பிய மெஷின்களை நானே கண்டிருக்கிறேன். சேமித்த ஆட்டம் திறக்கும்போது மட்டும் உறைந்தால் கிரிஸ்டல்டிஸ்க்இன்போவில் டிஸ்கின் நலம் பாருங்கள். மஞ்சளோ சிவப்போ காட்டினால் கேமை மறந்துவிட்டுப் படங்களையும் பத்திரங்களையும் வேறு இடத்துக்குப் பிரதி எடுங்கள். ராமுக்கு மெம்டெஸ்ட்86 ஒரு இரவு ஓடட்டும்.

கடைக்குப் போகும்போது ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள்: எந்த இடத்தில் நிற்கிறது, கோட் என்ன, மொடியூல் என்ன, என்னென்ன செய்து பார்த்தாயிற்று. வாயால் "கேம் வேலை செய்யுதில்லை" என்று சொன்னால் அவருக்குத் தெரிந்த மிகக் கெதியான மருந்தைத்தான் கொடுப்பார், அது போர்மட். "அடிக்க முதல் எனக்கு ஒரு கோல் தாங்கோ, அண்ணை" என்று சொல்லிவிட்டு வருவதிலும் பிழையில்லை.

பயோஸில் கை வைக்க வேண்டிய வேலையையும் பழக்கமில்லாதவர்கள் கடையில் செய்விப்பதே நல்லது. வலோரன்ட் என்ற கேம், விண்டோஸ் 11 இல் டிபிஎம் 2.0 உம் செக்கியூர் பூட்டும் (போர்டில் உள்ள இரண்டு பாதுகாப்பு வசதிகள்) இல்லாமல் ஓடாது. 2025 இல் வந்த பட்டில்பீல்ட் 6 உம் செக்கியூர் பூட் கேட்கிறது. அநேக மெஷின்களில் இது சும்மா ஒரு செட்டிங்தான், காசு இல்லை. ஆனால் விண்டோஸை எம்பிஆர் என்ற பழைய டிஸ்க் பிரிப்பு முறையில் போட்டிருந்தால், செட்டிங்கை மாற்றியதும் கேம் திறக்காதது போக மெஷினே திறக்காது. முதலில் டிஸ்கை ஜிபிடி என்ற புதிய முறைக்கு மாற்ற வேண்டும்.

காசைத் திருப்பிக் கேட்பதும் பொறுத்திருப்பதும்

நம்மவர்கள் இதைக் கேட்கக் கூச்சப்படுகிறார்கள். கடையில் வாங்கிய சட்டையைத் திருப்பிக் கொடுக்கப் போவதுபோல் நினைக்கிறார்கள். ஸ்டீமில் வாங்கி 14 நாளுக்குள், ஓடிய நேரம் 2 மணித்தியாலத்துக்குக் குறைவாக இருந்தால் எந்தக் காரணம் சொன்னாலும் தருகிறார்கள். எபிக்கிலும் பெரும்பாலான கேமுக்கு அதே கணக்கு. ஜிஓஜி 30 நாள் வரை, விளையாடியிருந்தாலும். டொலரில் போன காசு டொலரிலேயே திரும்பும்போது ரூபாவில் கொஞ்சம் தேய்ந்து வரலாம், ஸ்டீம் கணக்கிலேயே காசு வைக்கும் வொலட்டுக்குக் கேட்டால் அந்தத் தேய்மானம் இல்லை. கவனிக்க வேண்டியது மணிக்கூடு. கேமின் லோஞ்சர் ஜன்னல் திறந்து கிடந்தாலும், பின்னணியில் செத்தும் சாகாமலும் கிடந்தாலும் அந்த 2 மணித்தியாலம் ஓடிக்கொண்டிருக்கும். திருத்திப் பார்க்கும்போது ஒவ்வொரு தரமும் டாஸ்க் மனேஜரில் முழுக்க மூடுங்கள்.

புதிதாக வந்த கேம் என்றால், நேற்றுவரை ஓடி இன்றைய அப்டேட்டோடு விழுந்தது என்றால், பொறுத்திருப்பதும் ஒரு வழி. பழுது உங்கள் வீட்டில் இல்லை. இரண்டு மூன்று நாளில் திருத்தம் வரும். வராவிட்டால் 14 நாள் முடிய முதல் கேளுங்கள்.

டவுன்லோட் தளங்களில் இருந்தோ, ஒரு காலத்தில் டிவிடியிலோ எடுத்த, காசு கொடுக்காமல் ஓடப் பூட்டை உடைத்த கேம்களைப் பற்றி ஒரு வார்த்தை. அதில் இந்த வழி எதுவுமே இல்லை. வெரிபை கிடையாது, அப்டேட் கிடையாது, திருப்பிக் கேட்க ஆள் கிடையாது. அன்டிவைரஸ் ஒரு பைலைத் தூக்கினால் அது உடைத்த பைலா உண்மையான வைரஸா என்று சொல்லவும் யாருமில்லை. அன்டிவைரஸை நிறுத்திவிட்டு ஓட்டு என்பவர்களின் பேச்சைக் கேட்டு வங்கிக் கணக்கின் கடவுச்சொல் இருக்கும் மெஷினைத் திறந்து வைக்காதீர்கள்.

புதிய பாகம்

சில கேம்களுக்கு எந்தத் திருத்தமும் உதவாது. 2025 மே மாதம் வந்த டூம்: தி டார்க் ஏஜஸ், கதிர்த் தடம் வரையும் (ரே டிரேசிங்) வசதியுள்ள கார்ட் இல்லாமல் ஓடாது. ஜிடிஎக்ஸ் 1660 வைத்திருப்பவர் எவ்வளவு நல்ல டிரைவர் போட்டாலும் பிரயோசனமில்லை. நம் ஊரில் பழைய கார்ட் வாங்கும்போது மிக அதிகமாகக் கைமாறும் 1050 டிஐ உள்ளிட்ட 10 வரிசைக்கு, கேம்களுக்கென வரும் டிரைவர் அப்டேட்டுகளை என்விடியா 2025 ஒக்டோபரோடு நிறுத்திக்கொண்டது, பாதுகாப்புத் திருத்தம் மட்டும் 2028 ஒக்டோபர் வரை வரும். இருக்கும் கேம்கள் ஓடும். இனிமேல் வருபவற்றில் கறுப்புத் திரை வந்தால் அதற்குத் திருத்தம் எதிர்பார்க்க முடியாது. கையில் இருப்பதை வைத்துக்கொள்ளுங்கள். புதிதாகக் காசு கொடுத்து அந்த வரிசையை வாங்காதீர்கள்.

மருமகனின் மெஷினுக்கு நாலாம் தலைமுறைப் புரொசசர் ஒன்றை மட்டும் வாங்கிப் போடலாமா என்று அத்தான் கேட்டார். போட முடியாது, சொக்கெட் வேறு, போர்டும் மாற வேண்டும். அந்தக் காசை அதில் போடுவதற்கு, கொஞ்சம் பொறுத்து இன்னும் மேலே போகலாம் என்றேன். அத்தானுக்கு அந்தப் பதில் பிடித்தது, பையனுக்குப் பிடிக்கவில்லை.

கேம் வாங்கியது எப்போது என்று ஸ்டீமில் பார்த்தோம். 13 ஆவது நாள். ஓடிய நேரம் 9 நிமிடம், அவ்வளவும் அந்த வட்டம் சுற்றிய நேரம். அங்கேயே இருந்து திருப்பிக் கேட்டோம், வொலட்டுக்கு. பிறகு புரொசசரின் விபரம் காட்டும் சிபியு-இசட்டை இறக்கி, இன்ஸ்ட்ரக்ஷன்ஸ் என்ற வரியைக் காட்டினேன். ஏவிஎக்ஸ் இருந்தது, ஏவிஎக்ஸ்2 இல்லை. அந்த வரியைப் போனில் படம் பிடித்துக்கொண்டான்.

புதன்கிழமை காசு வொலட்டுக்கு வந்துவிட்டது என்று மெசேஜ் போட்டான். கூடவே ஒரு கேமின் தேவைப் பட்டியல் படம், புரொசசர் வரிக்குச் சிவப்பில் வட்டம் போட்டு: "மாமா, இது சரிவருமா?"